பெட்ரோல் பங்க் டீலர்ஷிப் வாங்கித் தருகிறேன் என்பவரிடம் பணம் கொடுக்கும் முன்

மூன்று பொதுத்துறை எண்ணெய் நிறுவனங்களும் 2018 நவம்பரில் நாடு முழுக்கப் பெட்ரோல் பங்க் டீலர்களுக்கு விளம்பரம் கொடுத்தன. என் மைத்துனரும் விண்ணப்பித்தார். ஆலோசகர் ஒருவர் எல்லாம் பார்த்துக்கொள்வதாகச் சொல்லி நடுவில் வந்தார். இன்று பங்க்கும் இல்லை, பணமும் இல்லை, வழக்கும் தோற்றுவிட்டது. இன்னொரு குடும்பம் இதில் சிக்கக் கூடாது என்றுதான் எழுதுகிறேன்.

விண்ணப்பதாரர்களை நிலத்தை வைத்து மூன்று பிரிவாக்குகிறார்கள். சொந்த நிலமோ, குறைந்தது 19 வருடம் 11 மாதம் நீண்டகாலக் குத்தகையோ கையில் இருந்தால் முதல் பிரிவு. நில உரிமையாளர் தரச் சம்மதித்து உறுதிமொழிப் பத்திரம் மட்டும் கொடுத்திருந்தால் இரண்டாம் பிரிவு. நிலமே காட்டாதவர்கள் மூன்றாம் பிரிவு. முதல் பிரிவில் தகுதியானவர் யாரும் இல்லாவிட்டால்தான் இரண்டாவதைப் பார்ப்பார்கள்.

எங்களிடம் இருந்தது உறவினர் ஒருவரின் சம்மதம் மட்டும்தான். ஆலோசகர் அதை 20 ரூபாய் முத்திரைத்தாளில் ஒப்பந்தமாக எழுதி, "முதல் பிரிவுக்கு இதுவே போதும், பத்திரப்பதிவை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்" என்றார். ஒரு வருடத்துக்கு மேற்பட்ட குத்தகையைப் பதிவு செய்தே ஆக வேண்டும் என்று 1908-ஆம் வருடப் பதிவுச் சட்டத்தின் 17-ஆவது பிரிவு சொல்கிறது. இதையே தொழிலாக வைத்திருப்பவருக்கு அது தெரியாமல் இருக்காது.

தெரிந்தும் ஏன் செய்தார்? டீலரைத் தேர்ந்தெடுக்கும் குலுக்கல் முதலில் நடக்கிறது, ஆவணச் சரிபார்ப்பு அதற்குப் பிறகுதான். அவருடைய கட்டணமோ குலுக்கலில் பெயர் வந்ததும் கொடுக்க வேண்டியது. பெயர் வந்தது, கேட்ட தொகையை வாங்கிக்கொண்டார். அதன் பிறகுதான் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு அழைத்துப்போய்ப் புதிதாகக் குத்தகைப் பத்திரம் பதிவு செய்ய வைத்தார். முத்திரைத்தீர்வை, உறவினருக்கு முன்பணம் எல்லாம் எங்கள் தலையில்.

அதே இடத்துக்கு விண்ணப்பித்திருந்த இன்னொருவர் புகார் கொடுத்தார். விசாரணையில் பத்திரத்தின் தேதி விண்ணப்பத் தேதிக்குப் பிந்தையது என்று தெரிந்ததும் தேர்வு ரத்தானது. கட்டிய ஆரம்ப வைப்புத்தொகையும் பறிபோனது. உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டோம். விண்ணப்பித்த அன்று கையில் என்ன ஆவணம் இருந்தது என்பது ஒன்றுதான் அங்கே கேள்வி. காட்ட எங்களிடம் எதுவும் இல்லை, மனு தள்ளுபடியானது.

வழக்கு நடக்கும்போதே அதே மனிதர் மறுபடி வந்தார். மேலிடத்தில் ஆள் இருப்பதாகவும் மூன்று லட்சம் கொடுத்தால் முடித்துவிடலாம் என்றும் சொன்னார். நொந்துபோயிருந்த என் அத்தை நகையை அடகு வைத்துக் கொடுத்தார். அதைத்தான் என்னால் மன்னிக்கவே முடியவில்லை.

மேலிடம் என்று யாராவது சொன்னால் பழைய கதைகளைச் சொல்லுங்கள். மத்திய அமைச்சர் தன் விருப்புரிமையில் கொடுத்த 15 பங்க்குகளின் ஒதுக்கீட்டை 1996-இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. 2002-இல் அரசியல் சிபாரிசுப் புகார் கிளம்பியதும் அரசு ஒதுக்கீடுகளை மொத்தமாகவே ரத்து செய்தது. அப்படி எல்லோரையும் ஒரே தட்டில் வைத்தது தவறு என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் சந்தேகத்துக்குரிய 400-க்கும் மேற்பட்ட ஒதுக்கீடுகளை ஆராய ஓய்வுபெற்ற நீதிபதிகள் இருவர் கொண்ட குழுவையும் அமைத்தது. சிபாரிசில் வாங்கியது கைக்கு வந்த பிறகும் நிலைக்காது.

விண்ணப்பிக்க ஆலோசகரே தேவையில்லை. 2018-இல் பொதுப்பிரிவுக்கு விண்ணப்பக் கட்டணம் வழக்கமான பங்க்குக்கு 10,000 ரூபாய், கிராமப்புறத்துக்கு 8,000. எண்ணெய் நிறுவனங்கள் இதற்கு ஏஜென்ட் யாரையும் வைக்கவில்லை. அவர்களுடைய இணையதளம் போலவே போலித் தளங்களும் உண்டு. அதனால் முகவரியை நிறுவனத்தின் சொந்தத் தளத்திலிருந்தே எடுங்கள். பட்டா, வில்லங்கச் சான்று, குத்தகைப் பத்திரம் மூன்றையும் விண்ணப்பிக்கும் முன்பே சிவில் வழக்குகள் நடத்தும் வழக்கறிஞர் ஒருவரிடம் காட்டிவிடுங்கள். கூட்டுப்பட்டா என்றால் எல்லாப் பங்குதாரர்களின் கையெழுத்தும் வேண்டும்.

நாங்கள் காவல்துறையில் புகார் கொடுத்திருக்கிறோம். நகையை இன்னும் மீட்கவில்லை. இதே மாதிரி முத்திரைத்தாள் ஒப்பந்தத்தை நம்பி ஏமாந்தவர்கள் இருந்தால் ரசீது, வங்கிப் பரிமாற்ற விவரம், வாட்ஸ்அப் பேச்சு எதையும் அழித்துவிடாதீர்கள். எங்கள் புகாருக்கு இப்போது இருக்கும் ஆதாரம் அவைதான்.