பெர்லா, சீசரா?

அமெரிக்கத் தொலைக்காட்சியின் ஆரம்பகால வெரைட்டி காமெடியை, அதாவது பாட்டு, நடனத்தோடு கலந்து வந்த சிரிப்பு நிகழ்ச்சிகளை, பார்க்கலாம் என்று உட்காருகிறவர்கள் பெரும்பாலும் மில்டன் பெர்லிடம்தான் போவார்கள். ‘மிஸ்டர் டெலிவிஷன்’ என்ற பட்டம் அப்படி இழுக்கும். நான் அதே காலத்துக் காமெடியன் சிட் சீசர் கட்சி.

பெர்லின் பெருமையைக் குறைக்கவில்லை. 1948 ஜூனில் என்பிசி தொலைக்காட்சியில் அவருடைய ‘டெக்சகோ ஸ்டார் தியேட்டர்’ தொடங்கியது. செவ்வாய் இரவு எட்டு மணி. அதற்காகவே டிவி பெட்டி வாங்கியவர்கள் உண்டு. வாட்வில் என்ற பழைய அமெரிக்கக் கதம்ப மேடையில் வளர்ந்த மனிதர். கவுன் மாட்டிக்கொண்டு வருவார், விருந்தினர் பாடும்போது குறுக்கே புகுந்து கலாட்டா செய்வார். அரங்கம் குலுங்கும். நமக்குத்தான் சிரிப்பு வராது. அது அந்த வாரத்து ஊர்க்கதை, அந்தக் கூட்டத்தின் உற்சாகம். அப்போதெல்லாம் டிவித் திரையையே பிலிமில் படம்பிடித்து வைப்பார்கள். அந்த மங்கல் பிரதியில் பெர்லைப் பார்ப்பது, பக்கத்துக் கல்யாண வீட்டுக் கும்மாளத்தைச் சுவருக்கு இந்தப் பக்கமிருந்து கேட்பது மாதிரி.

சீசரின் ‘யுவர் ஷோ ஆஃப் ஷோஸ்’ 1950 பிப்ரவரி முதல் 1954 ஜூன் வரை, அதே என்பிசியில், சனிக்கிழமை இரவுகளில் வந்தது. தொண்ணூறு நிமிடம், எல்லாம் நேரலை. எழுத உட்கார்ந்தவர்களில் பின்னாளில் சினிமா இயக்குநராகப் பெயர் வாங்கிய மெல் புரூக்ஸ், நாடக ஆசிரியராகப் பெயர் வாங்கிய நீல் சைமன். இதுவும் அதே மங்கல் பிரதிதான், ஆனால் நிற்கிறது. காரணம், சிரிப்பு ஆளிடமிருந்து வருகிறது. சீசர் ஜெர்மன் பேசுவார், பிரெஞ்சு பேசுவார்; உண்மையில் எதுவுமே பேசவில்லை, ராகம் மட்டும்தான். ஜெர்மன் தெரியாத அமெரிக்கருக்குக் கிடைத்த சிரிப்பு அப்படியே நமக்கும் கிடைக்கிறது. இன்னொன்றில் அவரும் கூட நடித்த இமோஜீன் கோகாவும் இன்னும் இருவரும் மணிக்கூண்டு பொம்மைகளாக நிற்பார்கள். மணிக்கு மணி இயந்திரம் கெட்டுக்கொண்டே போக, ஒருவர் செய்யும் வேலை இன்னொருவர் மேல் விழும். ஒரு வசனம் கிடையாது.

எட் சல்லிவன்? அவர் தொகுத்து வழங்கியது நல்ல வெரைட்டி, ஆனால் அவர் காமெடியன் இல்லை. இந்தக் கணக்கில் வரமாட்டார்.

1951இல் என்பிசி பெர்லோடு 30 வருட ஒப்பந்தம் போட்டது. 1956இல் அவருடைய நிகழ்ச்சி முடிந்துபோனது. 1960இல் ஒரு பவுலிங் போட்டி நிகழ்ச்சியைத் தொகுத்துக்கொண்டிருந்தார், பாவம்.

சரி, சீசரில் எங்கே தொடங்குவது? முழு எபிசோடு வேண்டாம், நடுநடுவே பாட்டும் நடனமும் வரும். ஒருவரைத் திடீரென்று மேடைக்கு இழுத்து அவர் வாழ்க்கைக் கதையைச் சொல்லும் ‘திஸ் இஸ் யுவர் லைஃப்’ நிகழ்ச்சியை 1954இல் கிண்டலடித்துச் செய்த துண்டைத் தேடுங்கள். மேடைக்கே வரமாட்டேன் என்று ஓடும் சீசரை அள்ளிக்கொண்டு வருவார்கள். அப்புறம் சீசர் குழு நடிகர் ஹோவர்ட் மோரிஸ் மாமாவாக வந்து அவர் காலைக் கட்டிக்கொள்வார். பிய்த்தெடுக்கப் பார்ப்பார்கள், மாமா விடமாட்டார்.