பாக்கெட் சினிமா கேமரா 4கே: நெல்லை வெயிலுக்கும் சாமக்கொடைக்கும்

கிறிஸ் மெங்கஸ் பிரிட்டனின் கிரனாடா தொலைக்காட்சியில் ‘வேர்ல்ட் இன் ஆக்‌ஷன்’ ஆவணப்படங்களுக்குக் கேமரா தூக்கியவர். 1969இல் வந்த ‘கெஸ்’ படத்தை இயற்கை வெளிச்சத்தை நம்பியே எடுத்தார். பிற்பாடு இரண்டு ஆஸ்கர் வாங்கினார். அதே வழியில், நாலு பேர் குழுவோடு நெல்லைப் பக்கத்துக் கோயில் கொடை விழாவையும், அங்கே ஆடும் கணியான் கூத்தையும் படம்பிடிக்க நினைப்பவர்களுக்கு, 2018இல் வந்த பிளாக்மேஜிக் பாக்கெட் சினிமா கேமரா 4கே இன்றும் ஏற்ற கருவி.

16 மி.மீ. ஃபிலிம் காலத்தில் 400 அடிச் சுருள், நொடிக்கு 25 ஃபிரேமில் 10 நிமிடம் 40 நொடியில் தீர்ந்துவிடும். இந்தக் கேமராவில் யுஎச்டி (3840×2160) அளவில், 8:1 சுருக்கத்தில், பிளாக்மேஜிக் ரா கோப்பாக எடுத்தால் ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 145 ஜிபி. ஒரு டிபி எஸ்எஸ்டி ஒரு முழு ராத்திரிக் கொடைக்குப் போதும்.

இங்கேயும் பிரிட்டனைப் போல 50 ஹெர்ட்ஸ் மின்சாரம்தான். 25 ஃபிரேம், 180 டிகிரி ஷட்டர் (அதாவது 1/50 நொடி) வைத்தால் பந்தல் டியூப்லைட் துடிக்காது. 24 ஃபிரேம்தான் வேண்டுமென்றால் 172.8 டிகிரி. சீரியல் செட் விளக்குகள் மட்டும் இதற்கும் அடங்காமல் போகலாம். முதலிலேயே ஓட்டிப் பார்த்துவிடுங்கள்.

சுடலைமாடன் தீப்பந்தத்தோடு வேட்டைக்குக் கிளம்பும்போது ஐஎஸ்ஓ (ஒளி உணர்திறன்) 3200. 1000இல் வைக்கவே வேண்டாம், 1250இல் மங்கல் வெளிச்சத்துக்கான இரண்டாவது சர்க்யூட் தொடங்குவதால் அதைவிடச் சுத்தமாக வரும். ஆனால் 1250இல் தீ சீக்கிரம் வெளுத்துவிடும், 3200இல் தீயின் நிறம் நிற்கும்.

உண்மையான சோதனை பகலில். உச்சி வெயிலில் ஐஎஸ்ஓ 400, எஃப் 4 என்றால் வெளிச்சத்தை ஏழு ஸ்டாப் (ஒவ்வொரு ஸ்டாப்பும் பாதியாக்கும்) குறைக்க வேண்டும், அதாவது லென்ஸுக்கு முன் என்டி 2.1 என்ற கருப்புக் கண்ணாடி ஃபில்டர். கேமராவுக்குள் என்டி கிடையாது. சாதாரண என்டி போட்டால் அகச்சிவப்புக் கதிர் உள்ளே கசிந்து, மாலை போட்டவர்களின் கருப்பு வேட்டி செம்பழுப்பாகிவிடும். சில துணிகள் மட்டும் மாறுவதால் பிற்பாடு கிரேடிங்கில் (நிறத் திருத்தத்தில்) சரிசெய்வது பெரும்பாடு. அகச்சிவப்பையும் தடுக்கும் ஐஆர்என்டி வாங்குங்கள், லென்ஸ் செலவைக் குறைத்தாவது வாங்குங்கள்.

திரை திரும்பாது, வெயிலில் தெரியாது. தனி மானிட்டர், இல்லாவிட்டால் ஹூட் கட்டாயம். கேமராவுக்குள் போடும் எல்பி-ஈ6 பேட்டரி ஒரு மணி நேரம்கூடத் தாங்குவது கஷ்டம், வெளியே மாட்டும் பெரிய வி-மவுண்ட் பேட்டரி வைத்துக்கொள்ளுங்கள். தூசிக்கும் தண்ணீருக்கும் காப்பு இல்லை. தேரிக் காட்டின் செம்மணலில் லென்ஸ் மாற்றக் கூடாது, குற்றாலச் சாரலில் உறை இல்லாமல் எடுக்கக் கூடாது.

பழையது வாங்கினால் யுஎஸ்பி-சி துளையில் கேபிளைச் செருகி மெல்ல ஆட்டிப் பாருங்கள். தளர்ந்திருந்தால் எஸ்எஸ்டி பதிவு நடுவில் அறுந்துவிடும். நல்ல துளையாக இருந்தாலும் கேபிளுக்கு ஒரு கிளாம்ப் போட்டுவிடுங்கள்.