மருதானைப் பழைய புத்தகக் கடை: சப்பாத்துப் பெட்டிக்குள் ஒரு நடிகர்

டி. ஆர். விஜேவர்தன மாவத்தையில் வரிசையாக இருக்கும் பழைய புத்தகக் கடைகளில் ஒன்று. நாவல்களின் விலை கொஞ்சம் கூடத்தான். ஆனால் மேசைக்குக் கீழே ஒரு சப்பாத்துப் பெட்டி நிறைய நடிகர் படத் தபாலட்டைகள் கிடந்தன. கிளறினால், பழைய ஆங்கில நடிகர் ஸ்டூவர்ட் ரோம்!

1886இல் இங்கிலாந்தின் நியூபரியில் பிறந்தவர். சொந்தப் பெயர் செப்டிமஸ் ரயட். முதல் உலகப்போருக்கு முன்பே ஹெப்வொர்த் என்ற படக் கம்பனியின் ஊமைப் படங்களில் நடித்துப் பெயர் வாங்கினார். ஆனால் ஒப்பந்தப்படி ‘ஸ்டூவர்ட் ரோம்’ என்ற நடிப்புப் பெயரே கம்பனிக்குச் சொந்தம். போர் முடிந்து வேறு கம்பனிக்குப் போனதும் ஹெப்வொர்த் வழக்குப் போட்டது. நடிகர்தான் வென்றார், அதே பெயரில் பேசும் படங்களிலும் நடித்தார்.

என் அப்பா மேடை நாடக நடிகர். பெயரைத் தவிர அவருக்கு வேறு சொத்தில்லை. அதனால் இந்த வழக்கு எனக்கு நெருக்கமானது.

“தம்பி, இது யாரு?” என்று கடைக்கார நானா கேட்டார். சொன்னேன். கடைசிவரை கேட்டுவிட்டு, 300 ரூபாய் அட்டையை 250க்குத் தந்தார். சில அட்டைகளில் ஈரம் ஏறியிருக்கிறது, பார்த்து எடுங்கள்.