டாவின்சி ரிசால்வ்: காசு எங்கே கேட்க வேண்டுமோ அங்கே கேட்கிறார்கள்

சாலிகிராமத்தில் சின்னதாக ஒரு எடிட்டிங் ஸ்டுடியோ வைத்திருக்கிறேன். பெரும்பாலும் கல்யாண வீடியோதான். டாவின்சி ரிசால்வ் என்ற வீடியோ எடிட்டிங் மென்பொருளின் இலவசப் பதிப்பிலேயே ரொம்ப நாள் பிழைப்பு ஓடியது. இந்த வருடம்தான் ‘ஸ்டுடியோ’ என்ற காசுப் பதிப்பை வாங்கினேன்.

இலவசப் பதிப்பின் வசதிகளோடு நின்றால் படத்தின் மேல் வாட்டர்மார்க் முத்திரை விழாது, இத்தனை நாள்தான் என்ற கெடுவும் கிடையாது. அதில் செய்த வேலைக்குத் தாராளமாகக் காசு வாங்கலாம். 3840-க்கு 2160 அளவில், நொடிக்கு 60 பிரேம் வரை முடித்த வீடியோவை வெளியே எடுக்கலாம். எந்த மாப்பிள்ளை வீட்டாரும் இதற்கு மேல் கேட்பதில்லை.

அப்புறம் எதற்கு 295 டாலர் கொடுத்து ஸ்டுடியோ பதிப்பு? எனக்கு நாய்ஸ் ரிடக்‌ஷனுக்காக. விடியற்காலை முகூர்த்தம், மண்டபத்தில் வெளிச்சம் போதாது, கேமராக்காரர் ஐஎஸ்ஓவை, அதாவது கேமராவின் ஒளி உணர்திறனை, ஏற்றி எடுத்திருப்பார். பட்டுப்புடவையின் கருநீலத்தில் புள்ளி புள்ளியாக மொய்க்கும். அதைத் துடைக்கும் வசதி ஸ்டுடியோ பதிப்பில் மட்டும்தான். இலவசப் பதிப்பிலும் போட்டுப் பார்க்கலாம், காசுப் பதிப்பின் வசதி என்பதால் குறுக்கே வாட்டர்மார்க் வரும், அவ்வளவுதான். நம் ஃபுட்டேஜிலேயே பலனைப் பார்த்துவிட்டு வாங்குவதை நேர்மையான வியாபாரம் என்பேன்.

ஒரு தடவை கட்டினால் போதும். இதுவரை புது வெர்ஷன்களுக்கு மறுபடி காசு கேட்டதில்லை. ஒரு சாவியில், அதாவது ஒரு உரிம எண்ணில், இரண்டு கம்ப்யூட்டர். ஆடியிலும் மார்கழியிலும் கல்யாணமே இல்லாத எங்கள் தொழிலில் மாதச் சந்தா எவ்வளவு பாரம் என்று கட்டியவர்களுக்குத் தெரியும்.

இலவசமாகவும் கொடுத்தால் இதைத் தயாரிப்பவர்களுக்கு எப்படிக் கட்டுப்படியாகிறது? பிளாக்மேஜிக் என்ற ஆஸ்திரேலிய நிறுவனம் 2009-ல் டாவின்சியை வாங்கியது. அதுவரை அது பெரிய ஸ்டுடியோக்கள் மட்டுமே வாங்கக்கூடிய விலையில் இருந்த கலர் கிரேடிங் மெஷின், அதாவது படத்தின் நிறத்தைச் சீர்செய்யும் மெஷின். இவர்கள் கேமராவும், நிறத்தைத் திருத்தக் கையால் இயக்கும் கலர் பேனலும் விற்பவர்கள். இலவசமாகப் பழகியவன் கையில் காசு வந்ததும் அவர்களிடமே போவான். கோடம்பாக்கம் பக்கம் கலர் கற்கும் பையன்கள் கிராக் செய்த திருட்டுப் பதிப்பு தேடி அலையாமல் ஒழுங்கான மென்பொருளில் கை பழகுகிறார்கள் என்பதில் எனக்கு உண்மையிலேயே சந்தோஷம்.

அவர்களுடைய சில கேமராக்களோடு ஸ்டுடியோ சாவி சேர்ந்தே வரும். வாங்குமுன் பெட்டிக்குள் பாருங்கள். இன்னொன்று, நாய்ஸ் ரிடக்‌ஷன் கிராஃபிக்ஸ் கார்டைப் பிழிந்து எடுக்கும். பழைய கார்டு என்றால் முதலில் சென்னையின் எலக்ட்ரானிக்ஸ் கடைவீதியான ரிச்சி ஸ்ட்ரீட்டில் புதுக் கார்டின் விலை விசாரித்துவிட்டு, மொத்தச் செலவையும் கணக்குப் போட்டுச் சாவி வாங்குங்கள்.