பட்டாவைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படிக்க வேண்டிய புத்தகம்: 2011 மாவட்டக் கணக்கெடுப்புக் கையேடு

எங்கள் குக்கிராமத்துக்கு அங்கன்வாடி வேண்டும் என்று மனு எழுத உட்கார்ந்தேன். சமவெளியில் 400 முதல் 800 பேருக்கு ஒரு மையம், 150 முதல் 400 பேர் என்றால் குறு மையம் என்பது அரசு வகுத்த கணக்கு. "எத்தனை ஜனம், எத்தனை பிள்ளைகள்னு ஆதாரத்தோட எழுதுங்க டீச்சர்" என்று சொல்லிவிட்டார்கள். ஓய்வு பெற்ற பிறகும் எனக்கு வீட்டுப்பாடம் விடவில்லை. அப்படித்தான் 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் இந்த மாவட்டக் கையேட்டிடம் போய்ச் சேர்ந்தேன்.

காசு கிடையாது. கணக்கெடுப்புத் துறையின் இணையதளத்தில் மாவட்டவாரியாக பிடிஎஃப் கோப்பாக இருக்கிறது. இரண்டு பாகம். முதல் பாகத்தில் ஒவ்வொரு கிராமத்துக்கும் பள்ளி, ஆஸ்பத்திரி, தபால், பஸ், குடிதண்ணீர், நிலப்பரப்பு. இரண்டாவதில் ஆள் கணக்கு. எல்லாம் ஆங்கிலத்தில். தமிழ்நாட்டுக் கிராமத்தைப் பற்றிய புத்தகத்தை ஊராட்சி மன்றத்தில் வைத்து நாலு பேர் சேர்ந்து படிக்க முடியாதது பெரிய குறைதான்.

தேடும்போது முதல் சிக்கல் மாவட்டம். நாங்கள் இப்போது தென்காசி மாவட்டம். 2019 நவம்பரில்தான் பிரிந்தோம், அதனால் 2011 புத்தகத்தில் திருநெல்வேலிக்குள் தேட வேண்டும். இது உறைக்காமல் தங்கச்சி மகன் அரைமணி நேரம் செல்போனைத் தேய்த்துக்கொண்டிருந்தான்.

அடுத்த சிக்கல் ஊர்ப்பெயர். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். எங்களுக்குப் பேச்சில் ஒரு பெயர், ஊராட்சிப் பலகையில் ஒரு பெயர், பட்டாவில் இன்னொன்று. மூன்றுமே சரி. வருவாய்த் துறை ஏணியில் மாவட்டம், கோட்டம், வட்டம், குறுவட்டம், கடைசியில் வருவாய் கிராமம், அங்கே வி.ஏ.ஓ. இருக்கிறார். ஊரக வளர்ச்சித் துறை ஏணியில் ஒன்றியம், ஊராட்சி, அதற்குள் குக்கிராமங்கள். அங்கே தலைவரும் செயலரும். இரண்டு ஏணியும் ஒரே சுவரில் சாய்ந்திருந்தாலும் படிகள் நேருக்கு நேர் வராது. ஒரு வருவாய் கிராமத்தில் இரண்டு ஊராட்சி இருக்கலாம், ஒரே ஊராட்சிக்குள் இரண்டு வருவாய் கிராமமும் வரலாம். கையேடு ஏணிக்கொரு கால் வைத்திருக்கிறது: எண்ணுவது வருவாய் கிராமத்தை, அடுக்குவது ஒன்றியவாரியாக. ஆகவே ஒன்றியத்தின் பெயரைப் பிடித்து, பட்டாவில் உள்ள கிராமப் பெயரை ஆங்கில அகரவரிசையில் தேடினால் கிடைத்துவிடும். பெயருக்குப் பக்கத்தில் ஒரு கிராம எண் இருக்கும், அதைக் குறித்து வைத்துக்கொண்டால் அப்புறம் எந்த அட்டவணையிலும் வழி தவறாது.

முதல் பாகத்தில் ஒரு வசதி ஊரில் இல்லையென்றால் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று எழுத்தால் குறிக்கிறார்கள்: ஐந்து கிலோமீட்டருக்குள் என்றால் 'ஏ', ஐந்து முதல் பத்து 'பி', அதற்கு மேல் 'சி'. பதினொன்றும் சி, முப்பதும் சி. பிரசவ வலியோடு ஆட்டோவில் போனவர்களிடம் இந்த 'சி'யைக் காட்டிப் பாருங்கள்.

இரண்டாம் பாகம்தான் சரக்கு. வீடுகள், ஆண், பெண், ஆறு வயது வரையுள்ள பிள்ளைகள், எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள், வேலை பார்ப்பவர்கள் என்று கட்டம் கட்டமாக இருக்கிறது. ஒரு எச்சரிக்கை: எழுத்தறிவு சதவீதம் போடும்போது மொத்த ஜனத்தால் வகுக்காதீர்கள். ஏழு வயது முதல்தான் கணக்கு, பொடிசுகளைக் கழித்துவிட்டு வகுக்க வேண்டும். மனு எழுதும் பாதிப் பேர் இங்கேதான் கோட்டை விடுகிறார்கள்.

நான் தாளை விரித்துவைத்திருந்தபோது பக்கத்து வீட்டு மதினி, மடியில் சொளகை வைத்து பீடி சுற்றிக்கொண்டே எட்டிப் பார்த்தார்.

"இதுல நான் எங்க இருக்கேன் டீச்சர்?"

வீட்டுத் தொழில் கட்டத்தைக் காட்டினேன். வருஷத்தில் ஆறு மாதமாவது சுற்றியிருந்தால் முக்கியத் தொழிலாளி, குறைந்தால் குறுகிய காலத் தொழிலாளி.

"சோறு பொங்குறது, தண்ணி சுமக்குறதெல்லாம்?"

"அதுக்குக் கட்டம் இல்ல மதினி."

இலையை வெட்டிக்கொண்டே ஒரு சிரிப்பு சிரித்தார்.

சரி, என் மனுவுக்கு இது உதவியதா? பாதிதான். பிள்ளைகளின் எண்ணிக்கை வருவாய் கிராமம் முழுவதற்கும் சேர்த்து இருக்கிறது. எங்கள் குக்கிராமத்துக்குத் தனி வரி கிடையாது. கடைசியில் நானும் மதினியும் இரண்டு சாயங்காலம் வீடு வீடாகப் போய், ஒரு நோட்டில் எழுதி, அதைக் கையேட்டுப் பக்கத்தோடு சேர்த்து இணைத்தோம். பழைய அச்செழுத்துக்குக் கிடைக்கும் மரியாதை நோட்டுக்குக் கிடைக்காது என்பதால் அச்சுப் பக்கத்தை மேலே வைத்தேன்.

2011-க்குப் பிறகு வர வேண்டிய கணக்கெடுப்பு தள்ளிப்போனதால் இன்றும் எல்லோரும் இதைத்தான் புரட்டுகிறார்கள். அன்றைக்கு ஆறு வயதுக்குள் இருந்த பிள்ளைகள் இன்று கல்லூரி பஸ்ஸில் தொங்குகிறார்கள். 2027 மார்ச் 1-ஐ வைத்து அடுத்த கணக்கு என்று 2025 ஜூனில் அரசிதழ் அறிவிக்கை வெளியானது. அதிலாவது குக்கிராமத்துக்கு ஒரு வரி கொடுத்தால் நன்றாக இருக்கும்.

ஐந்துக்கு மூன்றரை கொடுப்பேன். ஆள் கணக்கு மட்டும் வேண்டும் என்றால் இரண்டாம் பாகத்தை மட்டும் இறக்கிக்கொள்ளுங்கள். செல்போனில் படிக்க முயல வேண்டாம். உங்கள் ஒன்றியத்தின் பக்கங்களை மட்டும் அச்செடுத்து, அடிக்கோல் வைத்து வரி பிடித்துப் படியுங்கள். இல்லாவிட்டால் பக்கத்து ஊர்க்காரர்களை நம் கணக்கில் சேர்த்துவிடுவோம். நான் ஒருமுறை சேர்த்துவிட்டேன்.