மூன்று நிலா வரிசைக்கு யூனிவர்ஸ் சேண்ட்பாக்ஸ் உதவுமா?
என் மாயாஜாலத் தொடர்கதையில் மூன்று நிலாக்கள் ஒரே வரிசையில் வரும் இரவில்தான் கோட்டைக் கதவு திறக்கும். அது நடக்கக்கூடியதா என்று பார்க்கத்தான் யூனிவர்ஸ் சேண்ட்பாக்ஸ் என்ற இந்த மென்பொருளை வாங்கினேன். ஸ்டீம் என்ற இணைய விளையாட்டுக் கடையில் கிடைக்கிறது, இலவசம் இல்லை. கோளை வைத்து, நிலாக்களைச் சுற்றவிட்டு, நிறையையும் தூரத்தையும் இஷ்டம்போல மாற்றலாம். ஈர்ப்புக் கணக்கை அதுவே பார்த்துக்கொள்ளும்.

முதலில் வியாழனின் நிலாக்களை ஓடவிட்டுப் பாருங்கள். கானிமீட் 1 சுற்று முடிப்பதற்குள் யூரோப்பா 2, அயோ 4 சுற்று. யூரோப்பாவும் கானிமீடும் ஒரே பக்கம் சேரும்போதெல்லாம் அயோ நேர் எதிர்ப்பக்கம்! மூன்றும் ஒரே பக்கம் வரிசையாக நிற்பதே கிடையாது. வில்லன் காத்துக் கிடக்க இதைவிட நல்ல வானம் கிடைக்குமா?

என் பழைய லேப்டாப்பில் விசிறி அலறுகிறது. கிராபிக்ஸ் கார்டு இருந்தால் இந்த மென்பொருளை வாங்குங்கள், அதுவும் தள்ளுபடி வரும்போது.