க்ரீமா, ஜிமி ஹெண்ட்ரிக்ஸ் எக்ஸ்பீரியன்ஸா? கிட்டாரை விட்டுட்டு பேஸையும் டிரம்ஸையும் கேளுங்க

இந்த ரெண்டு பேண்டையும் பத்தி பேச்சு எடுத்தாலே க்ரீமோட கிட்டாரிஸ்ட் எரிக் கிளாப்டன் பெருசா, எக்ஸ்பீரியன்ஸோட ஹெண்ட்ரிக்ஸ் பெருசான்னு ஆரம்பிச்சுடுறாங்க, அதுல போய் மாட்டினா வெளிய வரவே முடியாது. என்னைக் கேட்டா பார்க்க வேண்டிய இடம் அது இல்ல. ரெண்டுமே மூணே பேர் இருந்த பேண்டு, ரிதம் கிட்டார் கிடையாது, கீபோர்டு கிடையாது, கிட்டார் சோலோ போற நேரத்துல அடியில பாட்டைத் தாங்குறது பேஸும் (கீழ் ஸ்தாயில வாசிக்குற கிட்டார்) டிரம்ஸும் மட்டும்தான். அதனால க்ரீம்ல பேஸ் வாசிச்ச ஜாக் புரூஸ், டிரம்ஸ் வாசிச்ச ஜிஞ்சர் பேக்கர் ஒரு பக்கம், எக்ஸ்பீரியன்ஸ்ல பேஸ் வாசிச்ச நோயல் ரெட்டிங், டிரம்ஸ் வாசிச்ச மிட்ச் மிட்செல் இன்னொரு பக்கம், இந்த நாலு பேரை வச்சுப் பார்த்தாதான் எந்த பேண்டு எங்க ஜெயிக்குதுன்னு தெரியும்.

ரெண்டும் உருவானது ஒரே ஊர்ல, ஒரே வருஷம். 1966 ஜூலைல லண்டன்ல க்ரீம் ஆரம்பிக்குது. பேக்கர்தான் போய் கிளாப்டனைக் கூப்பிட்டாரு, கிளாப்டன் போட்ட கண்டிஷன் ஜாக் புரூஸும் வரணும்னு. இதுல சிக்கல் என்னன்னா பேக்கரும் புரூஸும் முன்னாடி கிரஹாம் பாண்ட் குழுவுல ஒண்ணா இருந்தப்ப மேடையிலயே அடிச்சுக்கிட்டவங்க. அந்தப் பகையோடதான் பேண்டே தொடங்குது.

ரெண்டு மாசம் கழிச்சு செப்டம்பர் 24 அன்னைக்கு, அனிமல்ஸ் பேண்டுல பேஸ் வாசிச்ச சாஸ் சாண்ட்லர், நியூயார்க்ல சின்ன கிளப்புல வாசிச்சுட்டு இருந்த ஹெண்ட்ரிக்ஸை லண்டனுக்குக் கூட்டிட்டு வர்றாரு. வந்து ஒரு வாரத்துல, அக்டோபர் 1, ரீஜண்ட் ஸ்ட்ரீட் பாலிடெக்னிக்ல க்ரீம் கச்சேரி. ஹெண்ட்ரிக்ஸ் நானும் வாசிக்கட்டுமான்னு கேட்டு மேடையேறி ப்ளூஸ் (அமெரிக்கக் கறுப்பர்களோட பழைய பாட்டு முறை) பாடகர் ஹவுலின் வுல்ஃபோட 'கில்லிங் ஃப்ளோர்' பாட்டை எடுத்து விட்டாரு, அசல் பாட்டோட வேகம் எங்க, இவரு அடிச்ச வேகம் எங்க, கிளாப்டன் பாதியிலயே மேடையை விட்டு இறங்கிட்டாரு. ஹெண்ட்ரிக்ஸுக்கும் லண்டன்லயே எக்ஸ்பீரியன்ஸ் பேண்டு அமைஞ்சுது, அதுக்கப்புறம் இந்த ரெண்டு பேண்டும் ஒருத்தரை ஒருத்தர் கேட்டுக்கிட்டேதான் வளர்ந்தாங்க. 1967 ஜனவரில சாவில் தியேட்டர்ல ஹெண்ட்ரிக்ஸ் கச்சேரி பார்த்துட்டு வந்த புரூஸ் போட்ட பேஸ் ரிஃப்புதான் (திரும்பத் திரும்ப வர்ற சின்ன மெட்டு) க்ரீமோட 'சன்ஷைன் ஆஃப் யுவர் லவ்'. ராக் கிட்டார் கத்துக்குறவங்க முதல் மாசத்துலயே தடவிப் பார்க்குற ரிஃப் அது, பிறந்தது ஒரு பேஸ்காரர் கையில.

இப்ப ஆளுக்கு ஆள் வருவோம். பேஸ்ல போட்டியே இல்ல, புரூஸ்தான். ஸ்காட்லாந்துல செல்லோ முறையாப் படிச்சவரு, ஜாஸ் வாசிச்சவரு, பாடவும் செய்வாரு, அவர் பேஸ் பின்னாடி நிக்கவே நிக்காது, கிட்டாரோட சேர்ந்து இன்னொரு மெலடி போட்டுக்கிட்டே இருக்கும். ரெட்டிங் உண்மையில கிட்டாரிஸ்ட், அனிமல்ஸ்ல கிட்டார் வாசிக்க ஆடிஷனுக்கு வந்தவரு கையில பேஸைக் குடுத்து ஹெண்ட்ரிக்ஸ்கூட நிக்க வச்சாங்க. நேரா, சிம்பிளா வாசிப்பாரு. அதைக் குறையா சொல்றவங்க இருக்காங்க, நான் சொல்ல மாட்டேன், ஏன்னா அவர் ஒரே இடத்துல நின்னதாலதான் மிட்செல்லுக்கு ஓட இடம் கிடைச்சது.

மிட்ச் மிட்செல் பத்தி மட்டும் கொஞ்சம் அதிகமாவே சொல்லணும், ஏன்னா யாரும் சொல்றதில்ல. எக்ஸ்பீரியன்ஸோட 'மேனிக் டிப்ரஷன்' பாட்டைப் போட்டு ஹெட்ஃபோன்ல டிரம்ஸை மட்டும் பின்தொடருங்க. மூணு மூணா போற தாளம், ராக் பாட்டுக்கு அப்ப அது பழக்கமே இல்லாதது, ஸ்னேர்ல இருந்து டாம்டாமுக்கு உருண்டுக்கிட்டே போறாரு, எல்வின் ஜோன்ஸ் மாதிரி ஜாஸ் டிரம்மர்களைக் கேட்டு ஊறின கை அது. ஹெண்ட்ரிக்ஸ் ஒரு வரி பாடினா இவர் டிரம்ஸ்ல அதுக்கு பதில் சொல்றாரு, கச்சேரியில மிருதங்கக்காரர் பாடகரோட சங்கதியைப் பிடிச்சு கூடவே போவாரே, அந்த மாதிரி. பேக்கரும் ஜாஸ்ல இருந்து வந்தவர்தான், ரெண்டு பேஸ் டிரம் வச்சு அவர் குடுத்த கனம் யாராலயும் குடுக்க முடியாது, ஆனா அவர் தனக்காக வாசிச்சாரு. 16 நிமிஷத்துக்கு மேல போற க்ரீமோட 'டோட்' கேட்டா அது புரியும், முக்காவாசி தனி டிரம் சோலோ. எனக்கு மிட்செல்தான்.

ஸ்டுடியோ ரெக்கார்டுல எக்ஸ்பீரியன்ஸ் எங்கயோ இருக்கு. க்ரீமோட 'டிஸ்ரேலி கியர்ஸ்' நல்ல ஆல்பம்தான், 1967 மே மாசம் நியூயார்க் அட்லாண்டிக் ஸ்டுடியோல சில நாள்ல முடிச்சது, டாம் டவுட் இன்ஜினியர், ஃபெலிக்ஸ் பப்பலார்டி புரொடியூசர். அதுல 'ஸ்ட்ரேஞ்ச் ப்ரூ' வந்த விதம் சைகடெலிக் ப்ளூஸ்னா என்னன்னு புட்டுப் புட்டு வைக்கும்: 'லாடி மாமா'ன்னு ஒரு பழைய ப்ளூஸை ரெக்கார்ட் பண்ணி வச்சிருந்தாங்க, பப்பலார்டியும் அவர் மனைவி கெய்ல் காலின்ஸும் அந்த டிராக் மேலயே புது வரியும் புது மெட்டும் ஏத்திட்டாங்க. அடியில ப்ளூஸ் அப்படியே ஓடுது, மேல மட்டும் மயக்கமா ஒரு கலர். ஆனா ஹெண்ட்ரிக்ஸ் மேல கலர் பூசல, சவுண்டையே வேற பொருளா மாத்தினாரு. 'பர்ப்பிள் ஹேஸ்' கடைசில ஸ்ருதி ஒரு ஸ்தாயி மேல கீச்சுன்னு கிழியுதே, அது ரோஜர் மேயர் செஞ்சு குடுத்த ஆக்டேவியாங்குற எஃபெக்ட் பெட்டி. 1968 அக்டோபர்ல வந்த 'எலக்ட்ரிக் லேடிலேண்ட்'ல 15 நிமிஷம் போற 'வூடூ சைல்' சுத்தமான மெதுவான ப்ளூஸ், ஸ்டீவ் வின்வுட் ஆர்கன், ஜாக் காசடி பேஸ், நம்ம மிட்செல் டிரம்ஸ், ரெண்டு டிஸ்க் இருக்குற அதே ஆல்பத்துல கடல் அடியில போற மாதிரி பாட்டும் இருக்கு, ரெண்டும் ஒருத்தர் மனசுல இருந்து வந்ததுன்னு சந்தேகமே வராது. ஆனா ஒண்ணு ஒத்துக்கணும், அந்த ஆல்பம் வர்றதுக்குள்ள எக்ஸ்பீரியன்ஸ் பேண்டா இருந்தது குறைஞ்சு போச்சு. 'ஆல் அலாங் த வாட்ச்டவர்'ல பேஸ் வாசிச்சதே ஹெண்ட்ரிக்ஸ்தான்.

மேடையில கதை தலைகீழ். க்ரீம் மேடையில பாட்டு ஒரு சாக்குதான், மூணு பேரும் ஒருத்தரை ஒருத்தர் ஜெயிக்கப் பார்க்குறதுதான் கச்சேரி. 1968 மார்ச் 10, சான் பிரான்சிஸ்கோ வின்டர்லேண்ட்ல எடுத்த 'கிராஸ்ரோட்ஸ்' நாலு நிமிஷம் சொச்சம்தான். ப்ளூஸ் பாடகர் ராபர்ட் ஜான்சன் 1936ல ஒத்தை ஆளா கிட்டாரோட உக்காந்து பாடின பாட்டு அது. ரெண்டாவது சோலோவுல புரூஸ் பேஸைக் கேளுங்க, தாங்குற வேலையே பண்ணல, கிளாப்டன் கூட சரிக்கு சரி ஓடுறாரு, பேக்கர் பின்னாடி இருந்து ரெண்டு பேரையும் தள்ளுறாரு. இதுல பீட்டு இடம் மாறிப் போச்சுன்னு கிளாப்டனுக்கே பின்னாடி திருப்தி இல்ல, எனக்கு அந்த ஆபத்துக்காகவே பிடிக்குது. இதோட இன்னொரு பக்கமும் இருக்கு. ஒரு கச்சேரியில தான் நடுவுல வாசிக்கறதை நிறுத்திட்டதாவும் மத்த ரெண்டு பேரும் கவனிக்கவே இல்லன்னும் கிளாப்டனே சொல்லியிருக்காரு. அந்த அளவுக்குப் போன பேண்டு எப்படி நிலைக்கும், 1968 நவம்பர் 26 ராயல் ஆல்பர்ட் ஹால்ல விடை வாங்கிட்டாங்க, மொத்தம் ரெண்டரை வருஷம் கூட இல்ல.

எக்ஸ்பீரியன்ஸ் அதுக்கப்புறம் ஏழு மாசம்தான். 1969 ஜனவரில பிபிசில பாடகி லுலுவோட நிகழ்ச்சி, லைவ்ல போகுது, ஹெண்ட்ரிக்ஸ் 'ஹே ஜோ'வைப் பாதில நிறுத்திட்டு இதை க்ரீமுக்கு டெடிகேட் பண்றேன்னு 'சன்ஷைன் ஆஃப் யுவர் லவ்'வை ஆரம்பிச்சுட்டாரு. அவரைப் பார்த்துப் பிறந்த ரிஃப், அவர் கைக்கே வந்து சேர்ந்துச்சு. போட்டி பேண்டுன்னு நாமதான் சொல்றோம், அவங்களுக்குள்ள இருந்தது இதுதான். ஜூன் 29 டென்வர் கச்சேரியோட ரெட்டிங் விலகிட்டாரு. ஆகஸ்ட்ல உட்ஸ்டாக் இசை விழாவுல ஹெண்ட்ரிக்ஸ் பின்னாடி மிட்செல் இருந்தாரு, ஆனா அது வேற பேண்டு.

ஆக, ஒண்ணைத்தான் எடுக்கணும்னா ஆல்பமா உக்காந்து கேக்க எக்ஸ்பீரியன்ஸ், அதுலயும் முதல்ல 'ஆர் யூ எக்ஸ்பீரியன்ஸ்ட்', ஆனா அமெரிக்காவுல அப்ப வந்த எடிஷன்ல 'ரெட் ஹவுஸ்' இல்ல, பிரிட்டிஷ் எடிஷன் பாட்டு வரிசையப் பார்த்துக் கேளுங்க, ஹெண்ட்ரிக்ஸ் எவ்வளவு ப்ளூஸ்காரர்னு அந்த ஒரு பாட்டு போதும். மூணு பேர் வாசிக்கறதைக் கேக்கணும்னா க்ரீமோட 'வீல்ஸ் ஆஃப் ஃபயர்' ஆல்பத்தோட ரெண்டாவது டிஸ்க், 'கிராஸ்ரோட்ஸ்' முடிஞ்சதும் நிறுத்தாம அடுத்து வர்ற 'ஸ்பூன்ஃபுல்'லை முழுசா விட்டுடுங்க, பேஸ் நல்லா கேக்குற ஸ்பீக்கர்ல.